வெளியேறும் தொகுதி: மூன்று பிளாட்டின மருந்துகளுக்கிடையே ஒரு தேர்வு

கீமோ சிகிச்சைத் தாளில் சிஸ்பிளாட்டின், கார்போபிளாட்டின், ஆக்சாலிபிளாட்டின் என்ற மூன்று பெயர்களில் ஒன்று இருந்தால், 'இவற்றில் எது நல்ல மருந்து' என்று நோயாளியின் வீட்டார் கேட்பது இயல்பு. மூன்றிலும் உள்ள உலோகம் ஒன்றே. மூன்றும் உயிரணுவின் டி.என்.ஏ.வைப் பற்றிக்கொள்கின்றன. ஆனாலும் ஒன்று கிடைக்காவிட்டால் மற்றொன்று என்று கண்ணை மூடிக்கொண்டு மாற்றிவிட முடியாது. ஏன் முடியாது, எப்போது முடியும் என்பதற்கான விடையில் பாதி, வேதியியலார் 'லீவிங் குரூப்' என்றும் தமிழில் 'வெளியேறும் தொகுதி' என்றும் வழங்கும் கலைச்சொல்லில் அடங்கியிருக்கிறது. மீதிப் பாதி, வெளியேறாமல் பிளாட்டினத்தோடு தங்கிவிடும் தொகுதியில் இருக்கிறது. மருந்தை உடல் எப்படித் தாங்கும் என்பதை முதலாவது பெருமளவு தீர்மானிக்கிறது; எந்தக் கட்டி அதற்குப் பணியும் என்பதில் இரண்டாவதன் பங்கு பெரிது. இவ்விரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்புவதால்தான் 'கார்போபிளாட்டின் என்பது பக்கவிளைவு குறைந்த சிஸ்பிளாட்டின்' என்ற, பாதி உண்மையும் பாதி ஆபத்துமான பேச்சு புழக்கத்தில் இருக்கிறது.

சிஸ்பிளாட்டின் மூலக்கூறின் நடுவில் ஒரு பிளாட்டின அணு. அதைச் சுற்றி ஒரே தளத்தில், சதுரத்தின் நான்கு மூலைகளில், இரண்டு அம்மோனியாவும் இரண்டு குளோரைடும் இணைந்திருக்கின்றன. பிளஸ் டூ வேதியியலில் அணைவுச் சேர்மங்கள் பாடத்தைப் படித்தவர்களுக்கு இவை ஈனிகள், அதாவது மைய அணுவோடு இணைந்து நிற்பவை, என்பது நினைவிருக்கும். நான்கும் ஈனிகளே, ஆனால் நான்கும் வெளியேறும் தொகுதிகள் அல்ல. அம்மோனியா பிளாட்டினத்தை எளிதில் விடுவதில்லை; குளோரைடு, சூழல் இடம்கொடுத்தால், விட்டுவிடுகிறது. பிணைப்பிலிருந்த எலக்ட்ரான் இணையைத் தன்னோடு எடுத்துக்கொண்டு மைய அணுவை விட்டு நீங்கி, வேறொன்று அங்கே வந்து பிணைய வழிவிடும் தொகுதியையே வெளியேறும் தொகுதி என்கிறோம்.

சூழல் இடம்கொடுப்பது என்றால் என்ன என்பதைச் சற்று நின்று பார்க்க வேண்டும். இரத்த பிளாஸ்மாவில் குளோரைடின் செறிவு லிட்டருக்கு ஏறத்தாழ 100 மில்லிமோல். அங்கே ஒரு குளோரைடு விலகினாலும், சுற்றிலும் நிறைந்திருக்கும் குளோரைடுகளில் ஒன்று அந்த இடத்தை மீண்டும் பிடித்துக்கொள்ளும் வாய்ப்பே அதிகம். உயிரணுவுக்குள் அந்தச் செறிவு 4 முதல் 20 மில்லிமோல் அளவுக்கு இறங்கிவிடுகிறது. அங்கே விலகிய குளோரைடின் இடத்தில் நீர் மூலக்கூறு வந்து சேர்கிறது. மருந்து நேர்மின்னூட்டம் பெறுகிறது. பிறகு அந்த நீரையும் அகற்றிவிட்டு, டி.என்.ஏ.வின் குவானின் காரத்திலுள்ள ஏழாம் எண் நைட்ரஜன் பிளாட்டினத்தோடு பிணைகிறது. இரண்டாவது குளோரைடும் போனபின் பெரும்பாலும் அதே இழையின் பக்கத்துக் குவானினும் பிணைந்துகொள்ள, டி.என்.ஏ. அந்த இடத்தில் வளைந்துவிடுகிறது. அந்த வளைவைச் சரிசெய்ய முடியாத உயிரணு மடிகிறது. எனவே ஒரு பிளாட்டின மருந்தின் வெளியேறும் தொகுதி எது என்று கேட்பது, அந்த மருந்து எவ்வளவு விரைவில், எந்த இடத்தில் வினைபுரியத் தொடங்கும் என்று கேட்பதற்குச் சமம்.

இந்தச் சொல் பிளாட்டினத்துக்கு மட்டும் உரியதன்று. மெல்ஃபாலன், குளோராம்புசில், சைக்ளோஃபாஸ்ஃபமைடு போன்ற நைட்ரஜன் மஸ்டர்டு வகை மருந்துகளிலும் வெளியேறுவது குளோரைடுதான். அங்கே அது கார்பனை விட்டு விலக, நைட்ரஜன் மூன்று அணு வளையம் ஒன்றை உருவாக்கி, அந்த வளையம் டி.என்.ஏ.வைத் தாக்குகிறது. புசல்ஃபானில் சங்கிலியின் இரு முனைகளிலும் உள்ள மீத்தேன்சல்ஃபோனேட்டு அந்த வேலையைச் செய்கிறது. வெளியேறும் தொகுதி என்பது ஒரு குறிப்பிட்ட பொருளின் பெயரன்று. வினையில் ஒரு தொகுதி வகிக்கும் பங்கின் பெயர். அதே அயனி ஒரு மூலக்கூறில் எளிதில் விலகும், இன்னொன்றில் அசையாது நிற்கும்.

அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகத்தில் பார்னெட் ரோசன்பெர்க், மின்புலம் பாக்டீரியாவை என்ன செய்யும் என்று பார்க்கப்போய், ஈ.கோலி பாக்டீரியா பிளவுபடாமல் இழைபோல் நீண்டு வளர்வதை 1965இல் அறிவித்தார். மின்வாயிலிருந்த பிளாட்டினம் கரைசலில் இருந்த அம்மோனியம் குளோரைடோடு வினைபுரிந்து உண்டான சேர்மங்களே அதற்குக் காரணம் என்று பின்னர் தெரிந்தது. அவற்றுள் ஒன்றான சிஸ்பிளாட்டின் புதியதன்று. இத்தாலியரான மிகேலே பெய்ரோன் 1845இலேயே விவரித்தது. ஆல்ஃபிரட் வெர்னர் 1893இல் அதன் வடிவத்தை விளக்கினார். மருந்தாக அமெரிக்க ஒப்புதல் கிடைத்தது 1978இல். அதைத் தயாரிப்பதற்கு இன்றும் மேற்கோள் காட்டப்படும் முறை, எஸ்.சி. தாரா 1970இல் இந்திய வேதியியல் ஆய்விதழில் வெளியிட்டது. முதலில் பிளாட்டினத்தோடு அயோடைடுகளை இணைக்க வேண்டும்; அம்மோனியா சேரும்போது இரண்டும் அடுத்தடுத்த மூலைகளுக்கே போகும்படி அயோடைடு பார்த்துக்கொள்கிறது; பிறகு சில்வர் நைட்ரேட்டைச் சேர்த்தால் அயோடைடு வெள்ளியோடு வீழ்படிவாகிப் போய்விடும்; காலியான இடங்களில் குளோரைடைக் கொண்டுவந்து சேர்க்கலாம். மருந்து உடலில் செய்யப்போகும் வேலையை, வெளியேறும் தொகுதியை மாற்றும் வேலையை, குடுவையில் முதலில் நாம் செய்துகொள்கிறோம்.

இதே அணுக்களைக் கொண்ட டிரான்ஸ்பிளாட்டினில் குளோரைடுகள் எதிரெதிர் மூலைகளில் இருக்கின்றன. வெளியேறும் தொகுதி ஒன்றுதான், வெளியேறவும் செய்கிறது, ஆனால் பக்கத்துப் பக்கத்துக் குவானின்களைப் பிடிக்க வடிவம் இடம்தராததால் அது புற்றுநோய் மருந்தாகவில்லை. வெளியேறும் தொகுதியை வைத்தே எல்லாவற்றையும் விளக்கிவிடலாம் என்று கிளம்புகிறவர்கள் இந்த எல்லையை மறக்கக் கூடாது.

இனி கார்போபிளாட்டினுக்கு வருவோம். இதில் இரண்டு அம்மோனியாவும் அப்படியே இருக்கின்றன. குளோரைடுகளின் இடத்தில் சைக்ளோபியூட்டேன் டைகார்பாக்சிலேட்டு என்ற ஒரே ஈனி, இரண்டு ஆக்சிஜன்களால் பிளாட்டினத்தைப் பிடித்து வளையமாக நிற்கிறது. ஒரு முனை விட்டாலும் மறுமுனை பிடித்திருப்பதால், விட்ட முனை திரும்பி வந்து சேர்ந்துகொள்ள முடியும். ஆகவே வெளியேற்றம் மிக மெதுவாகிறது. இதன் விளைவுகள் இரண்டு. மருந்து வினைபுரியாத நிலையிலேயே பெருமளவு சிறுநீரகத்தின் வழியே வடிந்துபோவதால், சிறுநீரகக் குழாய்களும் உட்செவியும் படும் சேதம் வெகுவாகக் குறைகிறது. ஆனால் அதே காரணத்தால் அளவு கூடுதலாகத் தேவைப்படுகிறது. சிஸ்பிளாட்டினை உடற்பரப்பின் ஒரு சதுர மீட்டருக்கு 75 முதல் 100 மி.கி. என்று கொடுக்கும் இடத்தில், கார்போபிளாட்டின் 400 மி.கி. அளவுக்குப் போகும்.

நடைமுறையில் கார்போபிளாட்டினை உடற்பரப்பை வைத்துக் கணக்கிடுவது அரிது. 1989இல் கால்வெர்ட் குழுவினர் தந்த சூத்திரப்படி, இலக்கு ஏ.யு.சி. (இரத்தத்தில் மருந்து எவ்வளவு, எவ்வளவு நேரம் இருக்க வேண்டும் என்பதன் மொத்த அளவு) என்ற எண்ணை, சிறுநீரக வடிகட்டு வீதத்தோடு 25ஐக் கூட்டி வரும் எண்ணால் பெருக்க வேண்டும். இலக்கு 5, வடிகட்டு வீதம் நிமிடத்துக்கு 75 மி.லி. என்றால், 5 × (75 + 25), அதாவது 500 மி.கி. அதே ஆளின் வடிகட்டு வீதம் 35ஆக இருந்தால் 300 மி.கி. போதும். இங்கே ஒரு வேடிக்கை உண்டு: சிறுநீரகத்தைக் கெடுக்கும் சிஸ்பிளாட்டினின் அளவு உடற்பரப்பை வைத்து முடிவாகிறது, சிறுநீரகத்தை அதிகம் தொடாத கார்போபிளாட்டினின் அளவோ சிறுநீரகத்தை வைத்தே முடிவாகிறது. சிறுநீரகம் பழுதானவருக்குச் சிஸ்பிளாட்டின் கூடாது என்பதும், அவருக்குக் கார்போபிளாட்டினைக் கணக்குப் பார்த்துக் கொடுக்கலாம் என்பதும் இதிலிருந்தே வருகின்றன. கணக்கு தவறினால் அடிபடுவது எலும்பு மஜ்ஜை. குறிப்பாகப் பிளேட்லெட் எண்ணிக்கை. கார்போபிளாட்டினின் பக்கவிளைவு 'குறைவு' என்பதைவிட 'வேறு' என்பதே சரி.

வெளியேறும் தொகுதி போனபின் சிஸ்பிளாட்டினிலும் கார்போபிளாட்டினிலும் எஞ்சுவது ஒன்றே: இரண்டு அம்மோனியாவோடு கூடிய பிளாட்டினம். டி.என்.ஏ.வில் அவை உண்டாக்கும் பிணைப்புகளும் ஒன்றே. ஆகையால் சிஸ்பிளாட்டின் பெற்றுக்கொண்டிருக்கும்போதே வளரத் தொடங்கிய கட்டிக்கு, 'வேறு மருந்து கொடுத்துப் பார்க்கலாம்' என்று கார்போபிளாட்டினைக் கேட்பதில் பொருளில்லை. உயிரணு சரிசெய்யக் கற்றுக்கொண்டது அந்தப் பிணைப்பைத்தான். அதை யார் கொண்டுவந்து சேர்த்தார்கள் என்பது அதற்கு ஒரு பொருட்டன்று.

ஆக்சாலிபிளாட்டின் இந்த இடத்தில்தான் பிரிகிறது. ஜப்பானின் நகோயா நகரப் பல்கலைக்கழகத்தில் 1976இல் யோஷினோரி கிதானி கண்டுபிடித்த இந்த மருந்தில் வெளியேறும் தொகுதி ஆக்சலேட்டு; தங்கும் தொகுதி அம்மோனியா அன்று, டைஅமினோசைக்ளோஹெக்சேன் என்ற பருத்த வளையம். டி.என்.ஏ.வோடு பிளாட்டினம் சேர்ந்தபின்னும் அந்த வளையம் உடனிருக்கிறது. டி.என்.ஏ.வில் பொருத்தமற்ற இணைகளைக் கண்டு திருத்தும் புரத அமைப்பு பழுதான உயிரணுக்கள் சிஸ்பிளாட்டினின் பிணைப்பைச் சகித்துக்கொள்ளும்; ஆக்சாலிபிளாட்டினின் பிணைப்பை அவ்வாறு சகிப்பதில்லை என்று ஆய்வுக்கூடச் சோதனைகள் காட்டின. ஆக்சாலிபிளாட்டின் டி.என்.ஏ.வைச் சிதைப்பதைவிட, ரைபோசோம் உற்பத்தியை முடக்கியே உயிரணுவைக் கொல்கிறது என்று 2017இல் வந்த ஆய்வு இன்னும் ஒரு படி மேலே போனது. எப்படியாயினும், சிஸ்பிளாட்டினும் கார்போபிளாட்டினும் பெரிதாக எதுவும் செய்யாத பெருங்குடல் புற்றுநோயில் ஆக்சாலிபிளாட்டின் வேலை செய்கிறது. பிரான்சு 1996இலும் அமெரிக்கா 2002இலும் அதற்கு ஒப்புதல் அளித்தன.

வெளியேறிய ஆக்சலேட்டு சும்மா இருப்பதில்லை என்று கருதுகிறார்கள். மருந்து ஏறிய சில நாள்களுக்குக் குளிர்ந்த நீரைக் குடித்தால் தொண்டை இறுகுவதுபோல் இருப்பதும், ஃபிரிட்ஜிலிருந்து பாத்திரத்தை எடுத்தால் விரல்கள் சுரீரென்று கூசுவதும் இம்மருந்துக்கே உரியவை. ஆக்சலேட்டு கால்சியத்தைப் பற்றிக்கொண்டு நரம்பின் சோடிய வாயில்களைப் பாதிப்பதே இதற்குக் காரணம் என்பது நெடுநாளைய விளக்கம். ஆனால் அந்த விளக்கத்தை நம்பி மருந்துக்கு முன்னும் பின்னும் கால்சியமும் மக்னீசியமும் ஏற்றிப் பார்த்த பெரிய ஒப்பீட்டு ஆய்வு, 2014இல் பயனில்லை என்றே முடிவு சொன்னது. வேதியியல் அழகாக இருப்பதாலேயே ஒரு விளக்கம் சரியாகிவிடாது.

வெளியேறும் தொகுதி ஏட்டுச் சங்கதியன்று என்பதைக் காண, நோயாளியின் கட்டிலருகே தொங்கும் பாட்டிலைப் பார்த்தால் போதும். சிஸ்பிளாட்டினைச் சலைனில்தான் கலப்பார்கள். சாதாரண சலைனில் குளோரைடு லிட்டருக்கு 154 மில்லிமோல் இருப்பதால், பாட்டிலுக்குள்ளேயே குளோரைடு விலகிப்போவது தடுக்கப்படுகிறது. வெறும் டெக்ஸ்ட்ரோஸில் கலந்தால் அந்தக் காப்பு இல்லை. ஆக்சாலிபிளாட்டினுக்கு இதற்கு நேர்மாறு: 5 சதவீத டெக்ஸ்ட்ரோஸ் மட்டுமே, சலைன் கூடவே கூடாது, ஏனெனில் குளோரைடு ஆக்சலேட்டை இடம்பெயர்த்துவிடும். இதோடு சேர்த்துக் கொடுக்கப்படும் 5-ஃபுளூரோயுராசில் என்ற கீமோ மருந்து காரத்தன்மையுள்ளது என்பதால், ஆக்சாலிபிளாட்டின் முடிந்ததும் குழாயை டெக்ஸ்ட்ரோஸாலேயே கழுவிவிட்டுத்தான் அடுத்த மருந்தை இணைப்பார்கள். கார்போபிளாட்டின் மெதுவாக வினைபுரிவதால் இரண்டிலும் தாங்கும். ஆனால் சலைனில் நெடுநேரம் இருந்தால் அதில் சிறு பகுதி சிஸ்பிளாட்டினாக மாறக்கூடும் என்பதால் டெக்ஸ்ட்ரோஸை விரும்புவோர் உண்டு. மூன்றுக்குமே அலுமினியம் கலந்த ஊசி ஆகாது. சிஸ்பிளாட்டின் கரைசலைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்தால் படிகமாகிவிடும். எந்தப் பாட்டில் என்று நர்ஸ் இருமுறை சரிபார்ப்பதை வீண் கெடுபிடி என்று நினைக்க வேண்டாம்.

தேர்வு என்று வரும்போது முதலில் கேட்க வேண்டியது பக்கவிளைவைப் பற்றியன்று; எந்தப் புற்றுநோய், நோக்கம் முழுக் குணமா அல்லது நோயைக் கட்டுக்குள் வைப்பதா என்பதைப் பற்றி. பரவிய விந்தகப் புற்றுநோயில் இது மிகத் தெளிவு. 1997இல் வெளியான ஐரோப்பிய ஆய்வில், முன்கணிப்பு நல்லதாக இருந்த 598 பேரில், சிஸ்பிளாட்டின் கூட்டுச் சிகிச்சை பெற்றவர்களில் 91 சதவீதத்தினர் ஓராண்டு முடிவில் சிகிச்சை தோற்காமல் இருந்தனர். கார்போபிளாட்டின் பெற்றவர்களில் அது 77 சதவீதமே. கார்போபிளாட்டினின் அளவு போதவில்லை என்ற வாதம் உண்டு என்றாலும், குணப்படுத்தக்கூடிய ஒரு நோயில் அந்த வாதத்தை நம்பி மறுபடி சோதித்துப் பார்க்க யாரும் துணிவதில்லை. துணியவும் கூடாது என்பதே என் கருத்து. விந்தகப் புற்றுநோயின் ஒரு வகையான செமினோமாவில், முதல் நிலையில், அறுவைக்குப் பின் ஒரே ஒரு முறை கார்போபிளாட்டின் கொடுப்பது மட்டும் ஏற்கப்பட்ட விலக்கு.

சினைப்பைப் புற்றுநோயில் நிலைமை வேறு. பாக்லிடாக்செல் என்ற வேறொரு கீமோ மருந்தோடு சேர்த்துக் கொடுக்கும்போது கார்போபிளாட்டின் சிஸ்பிளாட்டினுக்குக் குறைந்ததன்று என்று அமெரிக்க, ஜெர்மானிய ஆய்வுகள் 2003இல் உறுதிசெய்தபின், முதல் தேர்வு கார்போபிளாட்டினுக்கே போய்விட்டது. ஒரு நாள் முழுக்க நீரேற்ற வேண்டிய மருந்துக்குப் பதில் ஒரு மணி நேரத்துக்குள் ஏறிவிடும் மருந்து, வாந்தியும் குறைவு என்றால், பலன் சமமாக உள்ள இடத்தில் தயங்க வேண்டியதில்லை.

கருப்பைவாய்ப் புற்றுநோயில் விடை இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. கதிர்வீச்சோடு சேர்த்துக் குணம் நோக்கிக் கொடுக்கும்போது வாரம் ஒருமுறை சிஸ்பிளாட்டின் என்பது 1999இல் அமெரிக்கத் தேசியப் புற்றுநோய் நிறுவனம் விடுத்த அறிவிப்புக்குப்பின் வழக்கமாயிற்று. பரவிய அல்லது திரும்பிய நோயில், 2015இல் வெளியான ஜப்பானிய ஆய்வு கார்போபிளாட்டின் கூட்டு ஒட்டுமொத்தத்தில் குறைந்ததன்று என்றது. ஆனால் முன்பு பிளாட்டினமே பெறாதவர்களை மட்டும் பிரித்துப் பார்த்தபோது, இடைநிலை (மீடியன்) உயிர்வாழ்வுக் காலம் சிஸ்பிளாட்டினில் 23.2 மாதமும் கார்போபிளாட்டினில் 13 மாதமுமாக இருந்தது. ஒரே நோய், ஒரே இரு மருந்துகள். முன்பு என்ன பெற்றார் என்பதைப் பொறுத்து விடை மாறுகிறது.

சிறுநீர்ப்பைப் புற்றுநோயில் சிஸ்பிளாட்டின் தாங்கக்கூடியவர் யார் என்பதற்கு வரையறையே வைத்திருக்கிறார்கள்: சிறுநீரகத் திறனைக் காட்டும் கிரியாட்டினின் வெளியேற்றம் நிமிடத்துக்கு 60 மி.லி.க்குக் குறைவு, குறிப்பிடத்தக்க காது மந்தம், குறிப்பிடத்தக்க நரம்புச் சேதம், கடுமையான இதயச் செயலிழப்பு, வேலைக்குப் போக முடியாத அளவுக்குத் தளர்ந்த உடல்நிலை ஆகியவற்றில் ஒன்று இருந்தாலும் சிஸ்பிளாட்டின் இல்லை. இதயம் இந்தப் பட்டியலில் வருவது மருந்தின் நஞ்சால் மட்டுமன்று. சிறுநீரகத்தைக் காக்க ஏற்றப்படும் லிட்டர் கணக்கான சலைனை அந்த இதயம் தாங்க வேண்டுமே. தலை, கழுத்துப் புற்றுநோயில் சிஸ்பிளாட்டின் ஆகாதவர்களுக்கு உடனே கார்போபிளாட்டின்தான் மாற்று என்றும் இல்லை. மும்பை டாடா நினைவு மருத்துவமனை 2023இல் வெளியிட்ட ஆய்வில், அத்தகையோருக்குக் கதிர்வீச்சோடு டோசிடாக்செல் என்ற கீமோ மருந்தைச் சேர்த்தபோது ஈராண்டு உயிர்வாழ்வு 41.7 சதவீதத்திலிருந்து 50.8 சதவீதமாக உயர்ந்தது. டோசிடாக்செலில் பிளாட்டினமே கிடையாது.

அதே 2023இல் இந்தத் தேர்வு அமெரிக்க மருத்துவர்கள்மேல் வேறு வழியாக வந்து விழுந்தது. அந்நாட்டின் சிஸ்பிளாட்டின் தேவையில் ஏறத்தாழப் பாதியை அளித்துவந்த குஜராத் ஆலை ஒன்றில், 2022 இறுதியில் நடந்த அமெரிக்க ஆய்வுக்குப்பின் உற்பத்தி நின்றுபோக, சில மாதங்களில் மருந்துக்குத் தட்டுப்பாடு வந்தது. எல்லோரும் கார்போபிளாட்டினுக்குத் திரும்ப, அதற்கும் தட்டுப்பாடு வந்தது. இருப்பிலுள்ள சிஸ்பிளாட்டினைக் குணப்படுத்தும் நோக்கமுள்ள சிகிச்சைகளுக்கு ஒதுக்கிவைக்கும்படி வழிகாட்டல்கள் வெளிவந்தன. இவ்விரண்டும் எங்கே சமம், எங்கே சமமில்லை என்ற கேள்விக்கு அப்போது மருந்து அலமாரியின் முன்னால் நின்று விடைசொல்ல வேண்டியதாயிற்று.

குழந்தைகளுக்கு வரும் சில கட்டிகளில் சிஸ்பிளாட்டினைத் தவிர்க்கவும் முடியாது, செவியைப் பலிகொடுக்கவும் மனம் வராது. உடலின் பிற பகுதிகளுக்குப் பரவாத கட்டிகளுக்குச் சிஸ்பிளாட்டின் பெறும் குழந்தைகளின் செவியைக் காக்கச் சோடியம் தயோசல்ஃபேட்டுக்கு அமெரிக்கா 2022இல் ஒப்புதல் அளித்தது. அதைச் சிஸ்பிளாட்டின் ஏறி முடிந்து ஆறு மணி நேரம் கழித்துக் கொடுக்க வேண்டும்: தயோசல்ஃபேட்டின் கந்தகம், இரத்தத்தில் சுற்றும் பிளாட்டினத்தைப் பிடித்துக்கொண்டு அதை முடக்கிவிடும். முன்கூட்டியே கொடுத்தால் கட்டிக்குப் போய்ச் சேர வேண்டியதும் சேராது. காது மந்தமாகும் என்பதற்காகவே கார்போபிளாட்டினுக்கு மாற வேண்டுமா என்று கேட்கும் பெற்றோர், இந்த மூன்றாவது வழியையும் மருத்துவரிடம் கேட்டுப் பார்க்கலாம்.

நோய் திரும்பி வரும்போது கணக்கு மறுபடி தொடங்குகிறது. சினைப்பைப் புற்றுநோயில் கடைசிப் பிளாட்டின மருந்துக்கும் நோய் திரும்பியதற்கும் இடையே ஆறு மாதத்துக்கு மேல் இடைவெளி இருந்தால் பிளாட்டினத்தையே திரும்பக் கொடுப்பது வழக்கம். அதற்குள் திரும்பினால், முன் சொன்ன காரணத்தால், ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குத் தாவுவதில் பயன் குறைவு. அப்படித் திரும்பக் கொடுக்கும் சுற்றில்தான் கார்போபிளாட்டின் ஒவ்வாமை தலைகாட்டும்; முதல் ஆறு சுற்றுகளில் ஒன்றுமில்லாதவருக்கு ஏழாவது எட்டாவது முறையில் உள்ளங்கை அரிப்பும் முகச் சிவப்பும் மூச்சிரைப்பும் வரலாம். மிகக் குறைந்த செறிவில் தொடங்கிப் படிப்படியாக ஏற்றி உடலைப் பழக்குவது ஒரு வழி. சிஸ்பிளாட்டினுக்கு மாற்றுவது இன்னொரு வழி. அங்கும் ஒவ்வாமை தொடரக்கூடும் என்பதால், அதை அவசர சிகிச்சை வசதியுள்ள இடத்தில், மருத்துவரின் கண்முன் மட்டுமே செய்கிறார்கள்.